பகல் பதினொன்றரைக்கு ஒரு காலிப் பெட்டி

அன்புள்ள அந்தோணிக்கு அம்மா எழுதுவது.

நலமா என்று கேட்கப் போவதில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் நீ பெட்டியின் ஜிப்போடு மல்லுக்கட்டுகிற சத்தம் எனக்கு நன்றாகவே கேட்கிறது. வெள்ளிக்கிழமை விமானம் ஏறி, அவர்கள் கொடுக்கிற சாப்பாட்டைச் சாப்பிட்டு, தட்டை எடுத்துக்கொண்டு போன பிறகு இதைப் பிரி. முன்னாலேயே பிரித்தால் எனக்குத் தெரிந்துவிடும். சின்ன வயதில் நீ கோந்து தின்றது எப்படித் தெரிந்ததோ அப்படித் தெரியும். உனக்குத் தமிழ் காதில் விழுந்தால் புரிகிறது, வாயைத் திறந்தால் பாதிக்குமேல் பர்மியம் வருகிறது, எழுத்தைக் காட்டினால் வியர்த்துவிடுகிறது. செபப்புத்தகத்தை வைத்து ஞாயிறுதோறும் நான் சொல்லிக்கொடுத்த வாசிப்புதானே. ஒவ்வோர் எழுத்தாகத் தடவித் தடவிப் படிப்பாய். அந்த வேகத்துக்கு இந்தக் கடிதம் பாங்காக் தாண்டி, மாட்ரிட் தாண்டி, கடல் முழுவதும் தாண்டி மரீனாவின் ஊர் வரைக்கும் உனக்குக் காணும். நீளமாக எழுதுவது அதற்காகத்தான். ஆங்கிலத்தில் எழுதியிருந்தால் உன் பெண்டாட்டி மரீனா பக்கத்து இருக்கையிலிருந்து எட்டிப் பார்த்து நீ முதல் பத்தி முடிப்பதற்குள் முழுவதையும் படித்துவிடுவாள். நீ படித்து முடித்துவிட்டு அவளுக்குச் சொல். எதையும் விடாமல் சொல்.

போன ஞாயிறு பூசை முடிந்து பஸ்ஸுக்கு நிற்கும்போது ஒன்று கேட்டாயே, நினைவிருக்கிறதா? சிரித்துக்கொண்டுதான் கேட்டாய். “உண்மையைச் சொல்லும்மா. நாங்க போகக்கூடாதுன்னுதானே அன்னிக்குப் பெட்டியில அதெல்லாம் வெச்ச?” நான் பதில் சொல்லவில்லை. பஸ் வந்தது, ஏறிவிட்டேன், அதிசயமாக உட்கார இடமும் கிடைத்தது. நீ அதை ஆமாம் என்று எடுத்துக்கொண்டாய் போலிருக்கிறது. வீடு வரும்வரை பஸ் டிக்கெட்டைச் சுருட்டிக்கொண்டே வந்தாய். மரீனாவும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அவளுக்குத் தமிழ் தெரியாதுதான், ஆனால் ‘பெட்டி’ என்ற சொல் இந்த வருஷத்தில் அவளுக்கு மிக நன்றாகத் தெரிந்துவிட்டது. மகன் அம்மாவைச் சந்தேகப்பட்டுக்கொண்டே பத்தாயிரம் மைலுக்கு அப்பால் போய் உட்கார்வதை நான் விரும்பவில்லை. அதனால் பதில் சொல்லிவிடுகிறேன். ஆனால் நான் டியூஷன் டீச்சர். வழிமுறை போடாமல் விடை மட்டும் எழுதுகிறவர்களுக்கு மார்க் கொடுத்ததில்லை, நானும் அப்படி எழுதமாட்டேன்.

நம் பர்மாவில் புயலடித்த வருஷம் நீ வெள்ளைக்கார உதவிக் கூட்டத்தோடு மொழிபெயர்க்கிறேன் என்று டெல்டாப் பக்கம் போனாய். போகும்போது குடை எடுத்துக்கொண்டு போனாய். வரும்போது குடை இல்லை, தண்ணீர் சுத்தம் பண்ணுகிற ஒரு என்ஜினியர் பெண் இருந்தாள். எந்த ஊர் என்றதற்குக் கொலம்பியா என்றாய். நம் தெருவில் பாதிப் பேர் அதைக் கொழும்பு என்றே வைத்துக்கொண்டார்கள். எதிர்வீட்டு அம்மா, அப்படியானால் பெண் தமிழ் பேசுமே என்று எனக்காகச் சந்தோஷப்பட்டார். மதராஸிலிருந்து உன் மாமா எழுதிய கடிதம் இன்னும் மோசம். லுஸ் மரீனா என்று பெயரை எழுதியிருந்தேனா, இது பெண்ணின் பெயரா, லஸ் முனையிலிருந்து மெரினாவுக்குப் போகிற பஸ்ஸா என்று கேட்டிருந்தார். அதற்குப் பின்னால் அப்பா வழியில் ஒரு பெயர், அம்மா வழியில் ஒரு பெயர் வேறு இருக்கிறது என்பதை நான் அவருக்கு எழுதவே இல்லை.

அவள் முதல் தடவை நம் வீட்டுக்கு வந்த நாளை நான் சாகிறவரை மறக்கமாட்டேன். வெளிநாட்டுக்காரி வருகிறாள் என்று கேள்விப்பட்டு, வார்டு தலைவர் ஊ தெய்ன் ஹான் அவளுக்கு முன்னாலேயே வந்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். யார் வருகிறார்கள், எத்தனை மணிக்குப் போகிறார்கள் என்று எழுதிக்கொள்ளவேண்டியது அவர் வேலை. நீ அவளுக்கு என்னென்னவோ சொல்லிக் கொடுத்திருந்தாய். செருப்பைக் கழற்று, காலை நீட்டாதே, பெரியவர்கள் தலைக்கு மேலாகக் கையை நீட்டாதே. ஒன்றை மட்டும் சொல்ல மறந்தாய். அவள் உள்ளே வந்தாள், என் கன்னத்தில் ஒரு முத்தம் கொடுத்தாள், நேராகத் திரும்பி ஊ தெய்ன் ஹான் கன்னத்திலும் ஒன்று கொடுத்தாள். அவர்கள் ஊரில் அறிமுகம் என்றால் அதுதானாம். பாவம், அந்த மனிதர் பேனாவை மூடாமலேயே சட்டைப் பையில் செருகிக்கொண்டு எழுந்து போனார், மையெல்லாம் சட்டையில். அதன் பிறகு நம் வீட்டுக்கு வந்தால் கதவுக்கு வெளியே, கை எட்டாத தூரத்தில் நின்றுதான் பேசுவார். அவர் மனைவி என்னிடம் ஒரு மாதம் முகம் கொடுத்துப் பேசவில்லை. அங்கே போனதும் உனக்கும் எல்லாரும் இப்படித்தான் செய்வார்கள். நீ ஊ தெய்ன் ஹான் மாதிரி விறைத்துக்கொண்டு நிற்காதே. கன்னத்தைக் காட்டு, முடிந்துவிடும்.

உண்மையைச் சொன்னால் எனக்கு அவளைப் பிடித்துப்போனது நம் வீட்டுச் சாமான்களால். அவளுக்குத் தமிழ் ஒரு வார்த்தை தெரியாது, எனக்கு ஸ்பானிஷ் தெரியாது, இருவரும் பேசுகிற ஆங்கிலமோ இருவருக்கும் அந்நியம். அப்போது நான் உன்னிடம், அந்த மேசையை இழுத்துப் போடு என்றேன். அவள் துள்ளி எழுந்து, மேசா, மேசா என்று மேசையைத் தட்டினாள். அப்புறம் வாசலில் கிடந்த சப்பாத்தைக் காட்டி நான் பெயர் சொல்ல, அவள் சப்பாத்தோ என்றாள். அலமாரியும் அப்படியே. யாரோ ஒரு போர்த்துக்கீசியன் முந்நூறு நானூறு வருஷத்துக்கு முன்னால் நம் வீட்டில் சாமான் இறக்கிவிட்டுப் போனதற்கு அன்றைக்குத்தான் நன்றி சொன்னேன். அவளும் சொன்னாள், தன் ஊரில் பேசுகிற மொழியே ஸ்பெயினிலிருந்து கப்பலில் வந்ததுதான் என்று. நம் குடும்பம் கப்பலில் வந்தது, அவர்களுக்கு மொழியே கப்பலில் வந்திருக்கிறது. அப்புறம் நானும் அவளும் யாரை அந்நியம் என்று சொல்வது?

மொழி என்றதும் இன்னொன்று. அவர்கள் மலைநாட்டுப் பக்கம் பேச்சில் மரியாதை அதிகம். அம்மா பிள்ளையை நீங்கள் என்கிறாள், புருஷன் பெண்டாட்டியை நீங்கள் என்கிறான். நம் தெரு நாயைக்கூட மரீனா, நீங்கள் கொஞ்சம் நகருங்கள் என்றுதான் சொல்கிறாள் என்று நீயே விளக்கினாய். முதலில் எனக்குச் சிரிப்பு வந்தது. அப்புறம் யோசித்தேன். உன் அப்பா இருந்த வரைக்கும் என்னை ஒருநாளும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை, ‘ஏய்’தான். ரயில்வேயில் இருந்த மனிதர் இன்ஜினுக்குக் கொடுத்த மரியாதையை எனக்குக் கொடுத்திருக்கலாம். நீ அங்கே போய் அந்தப் பழக்கத்தைப் பிடித்துக்கொள். சண்டை போடும்போதுகூட நீங்கள் என்று சொல்லிப் போடு, அரைமணிக்கு மேல் தாங்காது.

சாப்பாட்டு விஷயத்திலும் வாயை மூடிக்கொண்டிரு. அவள் அம்மா யாரிடமோ ஒரு பொட்டலம் கொடுத்தனுப்பினாரே, வறுத்த எறும்பு, ஒவ்வொன்றும் என் சுண்டுவிரல் நகம் அளவுக்கு. நீ முகத்தைச் சுளித்தாய். முந்தின வாரம்தான் லான்மடாவ் சந்தையில் வறுத்த வெட்டுக்கிளியைக் கடலை மாதிரிக் கொறித்துக்கொண்டு வந்தவன் நீ. மரீனா உன்னை ஒரு பார்வை பார்த்தாள். நான் இரண்டையும் தொடமாட்டேன், அதனால் எனக்கு நியாயம் பேச உரிமை உண்டு. அங்கே தட்டில் எறும்பு வந்தால் தின்று, நன்றாக இருக்கிறது என்று சொல்.

கல்யாணத்தைப் பற்றி ஃபாதர் இன்னும் என்னிடம் குறைப்படுகிறார். கோயில் மணி அடித்து முக்கால் மணி நேரம் கழித்து வந்தாள் மணப்பெண், அதுவும் இதோ வந்துவிட்டேன் என்று சிரித்தபடி. அந்த ‘இதோ’வுக்கு அவர்கள் ஊரில் எல்லையே கிடையாது என்று இப்போது புரிகிறது. எனக்கு மறக்கமுடியாதது கல்யாணம் அல்ல, அதற்கு அடுத்த வாரம் இன்டர்நெட் கடையில் உட்கார்ந்திருந்தது. அந்தப் பக்கம் அவள் அம்மா, இந்தப் பக்கம் நான், நடுவில் ஒரு சின்னத் திரை. படம் நிமிஷத்துக்கு ஒரு தடவை உறைந்து நிற்கும், அந்தம்மாள் வாயைத் திறந்தபடி நிற்பார். இவர் யார் உனக்கு என்று பக்கத்து நாற்காலிக்காரர் கேட்டார். ஆங்கிலத்தில் சொல்லலாம் என்று பார்த்தேன், வார்த்தை இல்லை. அவ்வளவு பெரிய அகராதியில் பிள்ளையின் மாமியாருக்கு ஒரு பெயர் வைக்காமல் விட்டிருக்கிறார்கள். தமிழில் சம்பந்தி என்றேன். மரீனா அதைக் கேட்டுவிட்டு, எங்களுக்கும் இருக்கிறது என்று சொல்லி அவள் அம்மாவிடம் ஏதோ சொன்னாள். அந்தம்மாள் அந்த வார்த்தையைச் சொல்லி என்னைக் கூப்பிட்டார், நான் சம்பந்தியம்மா என்று கூப்பிட்டேன், இருவரும் அழுதோம். அழுது முடிப்பதற்குள் கரண்ட் போய்விட்டது.

அன்றைக்குத்தான் அவர்கள் குடும்பக் கதையும் தெரிந்தது. மரீனாவின் அண்ணன் மாட்ரிட்டில் ஓர் உணவகத்தில் சமைக்கிறான். சித்தி நியூயார்க்கில் சலவைக்கடை வைத்திருக்கிறாள். மாமன்மார் எல்லாரும் பக்கத்து நாட்டில், கராகஸில், எப்போதோ வேலைக்கென்று போனவர்கள். போன இடமெல்லாம் அவர்களுக்கென்று ஒரு ரொட்டிக்கடை, ஒரு கால்பந்துக் குழு, கிறிஸ்துமஸுக்கு முன் ஒன்பது நாள் நவநாள் செபம், அதில் யார் பலகாரம் செய்வது என்று ஒரு சண்டை. கேட்கக் கேட்க எனக்கு நம் ஆட்களைப் பார்த்த மாதிரியே இருந்தது. உன் மாமா மதராஸ் போய்ச் சேர்ந்து இத்தனை வருஷமாகியும் கூடிப் பேசுவது பர்மாக்காரர்களோடுதானே, தின்பது அத்தோ நூடுல்ஸ்தானே. சம்பந்தியம்மா வீட்டில் அத்தனை பேர் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய், கடைசியில் அவர் ஒருவர் மட்டும் இருக்கிறார். மரீனா ஊருக்குத் திரும்பவேண்டும் என்று துடிப்பது ஏன் என்று அப்போது எனக்குப் புரிந்தது. புரிந்ததே தவிர பிடிக்கவில்லை. இங்கேயும் ஒருத்தி மட்டும் இருக்கப்போகிறாள் அல்லவா.

இனிமேல்தான் பெட்டி. புத்தாண்டுக்கு அவர்கள் செய்கிற காரியங்களை மரீனா எனக்கு வரிசையாகச் சொன்னாள். மணி அடிக்க அடிக்கப் பன்னிரண்டு திராட்சை தின்று பன்னிரண்டு வேண்டுதல். சட்டைப்பையில் ஒரு பிடி பருப்பு, வீட்டில் குறைவில்லாமல் இருக்க. மஞ்சள் நிறத்தில் ஓர் உள்ளாடை, அதைப் பற்றி நான் எழுதமாட்டேன். பிறகு, அந்த வருஷம் யாருக்குப் பயணம் வேண்டுமோ அவர்கள் காலிப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு தெருவை ஒரு சுற்று வரவேண்டும். நீங்கள் இரண்டு பேரும் அந்த வருஷம் எப்படியாவது போய்விடவேண்டும் என்று இருந்தீர்கள். நல்ல வேளை, இதெல்லாம் நடுராத்திரி இருட்டில் நடக்கும், யாரும் பார்க்கமாட்டார்கள் என்று நான் நினைத்தேன். மரீனா ஒத்துக்கொள்ளவில்லை. அவள் அம்மாவின் நடுராத்திரிதான் கணக்காம். அங்கே ராத்திரி பன்னிரண்டு என்றால் இங்கே மறுநாள் பகல் பதினொன்றரை. நம் தின்கன்ஜூன் பேட்டையில் காய்கறி வண்டிக்காரனும், பள்ளிப் பிள்ளைகளும், வெற்றிலைக் கடையில் நிற்கிற கூட்டமும் தெருவில் இருக்கிற நேரம்.

என்னையும் ஒரு பெட்டி எடுக்கச் சொன்னாள். நான் எங்கேயும் போகப்போவதில்லை, வாசலில் நின்று பார்க்கிறேன் என்றேன். அப்படியானால் பெட்டிகளைத் துடைத்தாவது கொடுங்கள் என்றாள். அவளுடையது சக்கரம் வைத்தது. உனக்கு உன் அப்பாவின் நீலப் பெட்டி, மண்டலே மாற்றலுக்கு வாங்கியது, காலியாக இருந்தாலே தோளை இறக்கிவிடும். அதைத் துடைத்து மூடும்போது என் கை நின்றுவிட்டது. பக்கத்து வீட்டுக் கிண்ணத்தைக்கூட நான் வெறுமனே திருப்பிக் கொடுத்ததில்லை, நாலு மிளகாயாவது போட்டுத்தான் கொடுப்பேன். என் வீட்டு வாசலைத் தாண்டி, புதுவருஷத்தில், பயணத்துக்கென்று, என் பிள்ளை வெறும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போவதா? ஒரு துணியில் ஒரு பிடி அரிசி முடிந்து வைத்தேன். ஒரு கல் உப்பு, ஒரு துண்டு மஞ்சள். கூடவே ஒரு பாட்டில் பலாச்சோங். மற்றதெல்லாம் சம்பிரதாயம், காரமாய் வறுத்த அந்த இறால் பொடி மட்டும் உனக்குப் பிடிக்கும் என்பதற்காக.

நீங்கள் புறப்பட்டீர்கள். குண்டும் குழியுமான ரோட்டில் அவள் பெட்டியின் சக்கரம் போட்ட சத்தத்தில் தெருவே வெளியே வந்து நின்றது. நாலு நாய் பின்னால். நீ வாயில் கடைசித் திராட்சையோடு தலையைக் குனிந்துகொண்டு நடந்தாய். மூலை திரும்பி நம் வாசலுக்கு எதிரே வரும்போது ஊ தெய்ன் ஹான் குடையோடு குறுக்கே வந்தார். தகவல் சொல்லாமல் வெளிநாட்டுக்காரி பெட்டி படுக்கையோடு கிளம்பினால் அவர்தானே பதில் சொல்லவேண்டும்? கை எட்டாத தூரத்தில் நின்றுகொண்டு, திறந்து காட்டச் சொன்னார். மரீனா பெருமையாகத் திறந்தாள். ஒன்றுமே இல்லை. அந்த மனிதருக்கு அதுதான் பயமாகப் போய்விட்டது. பெட்டிக்குள் சாமான் இருந்தால் கேள்வி கேட்கலாம், ஒன்றுமில்லாததை என்ன கேட்பது? அப்புறம் உன் பெட்டி. நடந்த ஆட்டத்தில் பாட்டில் மூடி கழன்று, அரிசியும் மஞ்சளும் பலாச்சோங் எண்ணெயில் மிதந்துகொண்டிருந்தன. அந்த மணம் வாசலில் நின்ற எனக்கே வந்தது. ஊ தெய்ன் ஹான் முகத்தில் அப்போதுதான் உயிர் வந்தது. சாப்பாடு இருக்கிறது, அப்படியானால் பிக்னிக் போகிறார்கள் என்று வழிவிட்டார்.

மரீனா மட்டும் நகரவில்லை. பெட்டியைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். “மம்மா, காலியா இருக்கணும்,” என்று ஆங்கிலத்தில் மெதுவாகச் சொன்னாள். கோபமாகக் கத்தியிருந்தால் நானும் பதிலுக்குக் கத்தியிருப்பேன். சட்டைப்பையில் பருப்பு இருக்கலாம், பெட்டியில் அரிசி இருக்கக்கூடாதா என்று கேட்க எனக்கு நியாயம் இருந்தது. அவள் குரல் உடைந்திருந்ததால் கேட்கவில்லை. பாதியில் நிறுத்தக்கூடாது என்பதால் நீங்கள் மிச்சச் சுற்றையும் முடித்தீர்கள், பின்னால் வந்த நாய்கள் எட்டாகியிருந்தன.

அதற்குப் பிறகு நடந்தது உனக்கே தெரியும். பாஸ்போர்ட் இன்றைக்கு நாளைக்கு என்று இழுத்தது. விசாத் தாள்கள், நம் ஊரில் அவர்கள் தூதரகம் இல்லாததால், வேறு நாட்டுக்குப் போய் ஒரு முத்திரை குறைகிறது என்று திரும்பி வந்தன, மறுபடி போயின. தண்ணீர்த் திருவிழா வந்து போனது, மழையும் பிடித்துக்கொண்டது. ஒவ்வொரு தடவை தாள் திரும்பும்போதும் மரீனாவின் கண் அலமாரிக்கு மேலே இருந்த நீலப் பெட்டிக்குத்தான் போகும். தண்ணீரில் என்ன கலந்திருக்கிறது என்று சொட்டுச் சொட்டாக அளக்கிற படிப்பாளி, ஒரு பிடி அரிசியால் விசா நின்றுவிட்டது என்று நம்பினாள். நான் இதையெல்லாம் நம்புகிறவள் அல்ல. ஆனால் அவள் பார்த்துப் பார்த்து, கடைசியில் நானும் அந்தப் பெட்டியைப் பார்க்க ஆரம்பித்துவிட்டேன்.

போ என்று நான் ஒருநாளும் உன்னிடம் சொன்னதில்லை. போகவேண்டாம் என்று நினைக்காத நாளும் இல்லை, அதை மறைக்கப்போவதில்லை. நீ குளித்துவிட்டு ஈரத் துண்டைக் கட்டிலில் போடுகிறதைப் பார்த்துத் திட்டும்போதெல்லாம், இது இல்லாமல் இந்த வீடு என்ன செய்யும் என்றுதான் நினைப்பேன். ஆனால் ஒன்று யோசித்துப் பார். உன்னை நிறுத்த நினைத்திருந்தால் அரிசியும் பலாச்சோங்கும் எனக்கு எதற்கு? டிக்கெட் வாங்குகிற அன்றைக்கு நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தால் போதாதா? நம் கோயிலில் எத்தனை தாய்மார்கள் அப்படிப் பிள்ளையை வீட்டோடு வைத்திருக்கிறார்கள் என்று உனக்கே தெரியும். எனக்கு நடிக்கவும் நன்றாக வரும்.

மழைக்காலத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை. நீங்கள் இரண்டு பேரும் ஆபீஸ் போயிருந்தீர்கள். நான் நாற்காலி போட்டு ஏறி நீலப் பெட்டியை இறக்கினேன். சோப்புப் போட்டுத் தேய்த்தேன், பலாச்சோங் வாசம் லேசில் போகவில்லை. துடைத்துக் காயவைத்து, அடியில் விரித்திருந்த பழைய பேப்பரைக்கூட எடுத்துவிட்டேன். பதினொன்றரைக்குக் குடையும் பெட்டியுமாக வாசலுக்கு வந்தேன், தாண்ட முடியவில்லை. திரும்பி அடுக்களைக்குப் போய் உப்பு ஜாடியில் கை வைத்தேன். என் கை மேல் எனக்கே கோபம் வந்தது. உப்பை ஜாடியிலேயே உதறிவிட்டு, வேகமாக வெளியே வந்துவிட்டேன்.

பத்து வீடு தாண்டுவதற்குள் வெற்றிலைக் கடை அம்மாள் பார்த்துவிட்டாள். விதவை, மழை, கையில் பெட்டி, துணைக்கு ஆளில்லை. அவளுக்கு வேறென்ன தோன்றும்? வெள்ளைக்கார மருமகள் மாமியாரை வீட்டை விட்டு அனுப்பிவிட்டாள் என்று முடிவு கட்டி, தன் கடையைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு ஓடி வந்தாள். என் வீட்டில் ஒரு பாய் விரிக்க இடமிருக்கிறது, வா என்று கையைப் பிடித்து இழுத்தாள். யாரோ போய் ஊ தெய்ன் ஹானிடமும் சொல்லிவிட்டார்கள். லுங்கியைத் தூக்கிக் கட்டிக்கொண்டு சேற்றில் வந்தார். “அந்தப் பொண்ணு முத்தம் கொடுத்தப்பவே நெனைச்சேன் சயாமா, இது எங்கியோ போய் முடியும்னு,” என்றார். இத்தனை வருஷம் டீச்சர் என்பதால் என்னைச் சயாமா என்று கூப்பிட்டதில் அன்றைக்குத்தான் அதில் பாசம் இருந்தது. யாரும் என்னை அனுப்பவில்லை, டாக்டர் நடக்கச் சொல்லியிருக்கிறார் என்றேன். பெட்டியோடா என்றார். கனம் தூக்கி நடக்கவேண்டுமாம் என்றேன். பாவம் என்று அவர் பெட்டியை வாங்கித் தூக்கினார், உள்ளே ஒன்றுமில்லை என்று கைக்குத் தெரிந்தது. என்னை ஏற இறங்கப் பார்த்தார், பெட்டியைத் திருப்பிக் கொடுத்தார். நான் சுற்றை முடித்துக்கொண்டு வந்தேன்.

இதுதான் உன் கேள்விக்குப் பதில். போகவேண்டிய பிள்ளை போய்ச் சேரட்டும் என்று, என் வாசலிலிருந்து வெறும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நானே நடந்தேன். அதனால்தான் விசா வந்தது என்று நான் சொல்லவரவில்லை. மரீனாவுக்கு வேண்டுமானால் அப்படிச் சொல், அவளுக்குச் சந்தோஷமாக இருக்கும். நான் அவளுக்கு எதிராக இருந்தேன் என்று மட்டும் அவள் நினைக்கவேண்டாம்.

இன்னும் கொஞ்சம் இருக்கிறது, படித்து முடித்துவிடு. அன்றைக்கு வாசல்வரை வந்தவள் உள்ளே போகவில்லை. வெற்றிலைக் கடை அம்மாள் வாயில் கை வைத்துக்கொண்டு நிற்க, ஊ தெய்ன் ஹான் குடையோடு மரம் மாதிரி நிற்க, நான் அதே பெட்டியோடு இன்னொரு சுற்றும் போனேன். முதல் சுற்று உங்களுக்கு. இரண்டாவது எனக்கு. எங்களோடு வந்துவிடும்மா என்று நீ கேட்டபோதெல்லாம், வீட்டை யார் பார்ப்பார்கள் என்று கேட்டு உன் வாயை அடைத்தேன். வீடு எங்கேயும் ஓடிப்போகாது. பாஸ்போர்ட்டுக்கு எங்கே எப்படி எழுதிப் போடவேண்டும் என்று நேற்றுத்தான் ஊ தெய்ன் ஹானிடம் கேட்டேன், கூட வருகிறேன் என்று சொல்லியிருக்கிறார். எனக்கு ஓர் அறை பார்த்து வை. ஜன்னல் தெருப்பக்கமாக இருக்கட்டும்.

அம்மா